கிளாரினெட்டுக்கு ஒரு சுரம் ஏற்றி

டோப்பா வாடகைக்குக் கொடுத்த கம்பெனியின் பெயர் இருந்தது. யானை கொடுத்து உதவிய ஜமீன்தாரின் பெயர் இருந்தது. ஒளிப்பதிவுக்கு உதவியாளர்கள் என்று ஐந்து பேர் வரிசையாக வந்தார்கள். என் அப்பா பிச்சைமுத்துவின் பெயர் இல்லை.

அந்தப் படத்தை நான்கு முறை பார்த்தேன். கண் தப்பியிருக்குமோ என்று இரண்டாம் முறை போனேன். மூன்றாம் முறை ஆத்தாவை அழைத்துப் போனேன். அவளுக்கு எழுத்துத் தெரியாது. அவளுக்கும் சேர்த்து நானே படிக்க வேண்டியிருந்தது. 'இசை: திருப்பதி' என்று திரை நிறையப் பெரிதாக வந்தது. பக்கத்தில் ஒரு வெள்ளை வீணை. கீழே பாதித் திரை சும்மா கிடந்தது. அந்த இடத்தில் ஒரு வரி எழுத எவ்வளவு சாயம் செலவாகிவிடும்?

அது 1961, ஆடி மாதம். நான் பி.ஏ. முடித்துவிட்டு வீட்டில் இருந்தேன். எங்கள் வடக்கு மூன்றாம் வீதியில் பி.ஏ. படித்த முதல் பெண் நான். எங்கள் குடும்பத்தில் ஆண் பெண் எல்லோரிலும் நானே முதல். அதற்குப் பிறகு என்ன செய்வது என்று ஒருவருக்கும் தெரியவில்லை. பார்க்கிறவர்கள் எல்லாம், "அடுத்து கல்யாணந்தானே?" என்றார்கள். வீட்டுக்குள் எனக்கு ஒரு வேலை இருந்தது என்பது வெளியே யாருக்கும் தெரியாது.

அப்பா புதுக்கோட்டை அரண்மனை பேண்டில் கிளாரினெட் வாசித்தவர். 1948 மார்ச்சில் சமஸ்தானத்தை மெட்ராஸ் மாகாணத்தோடு சேர்த்துவிட்டார்கள். ராஜா இல்லாத ஊரில் ராஜா பேண்டுக்கு என்ன வேலை? சிவப்புக் கோட்டைக் கழற்றி வாங்கிக்கொண்டு அனுப்பினார்கள். சிலர் கல்யாண ஊர்வலங்களுக்கு வாசிக்கப் போனார்கள். டிரம் அடித்த அடைக்கலம் அறந்தாங்கியில் அரிசிக் கடை வைத்தார். அப்பா மெட்ராஸுக்கு ரயில் ஏறினார்.

அவருக்கு இங்கிலீஷ் முறையில் ஐந்து கோட்டில் சுரம் எழுதவும் படிக்கவும் தெரியும். பேண்டு மாஸ்டர் பிரம்பால் அடித்துச் சொல்லிக்கொடுத்தது. சினிமாவில் மெட்டுப் போடுகிறவர்களுக்கு ஆர்மோனியம் தெரியும், ராகம் தெரியும். ஆனால் முப்பது வாத்தியக்காரர்களை ஒரே மைக்குக்கு முன்னால் நிறுத்தி, யார் எப்போது வாசிப்பது, யார் எப்போது சும்மா இருப்பது என்று காகிதத்தில் போட்டுக்கொடுக்க ஓர் ஆள் வேண்டும். திருப்பதி மாஸ்டருக்கு அப்பா அந்த ஆள் ஆனார். மெட்டு மாஸ்டருடையது, அதை நான் மறுக்கவில்லை. ஆனால் பாட்டில் பாடகர் வாய் மூடியிருக்கும் நேரமெல்லாம் அப்பாவுடையது. பதின்மூன்று வருஷமாக, முப்பத்தொரு படங்களில்.

அப்பா எழுதுவது எல்லா வாத்தியங்களும் ஒன்றன் கீழ் ஒன்றாக அடுக்கிய ஒரு பெரிய தாள். அதிலிருந்து வயலினுக்குத் தனி, புல்லாங்குழலுக்குத் தனி, கிளாரினெட்டுக்குத் தனி என்று பிரித்து நகல் எடுக்க வேண்டும். அதற்குப் பார்ட் என்று பெயர். மெட்ராஸில் பார்ட் எழுதுகிறவர்கள் இருந்தார்கள். ஆனால் காலையில் அவர்களிடம் கொடுத்த மெட்டு சாயங்காலம் வேறு கம்பெனி ஆர்மோனியத்தில் கேட்கும். மாஸ்டருக்கு இரண்டு முறை அப்படி ஆகிவிட்டது. அதனால் அப்பா தாள்களை ஊருக்கு அனுப்ப ஆரம்பித்தார். நாங்கள் பார்ட் எழுதித் திருச்சி பஸ்ஸில் கொடுத்துவிடுவோம். அங்கிருந்து ரயில் பார்சலில் மெட்ராஸ் போகும்.

ஆத்தாவின் வேலை கோடு போடுவது. ஐந்து முனைகளை ஒன்றாகச் சேர்த்து அடித்த ஒரு பித்தளைப் பேனா எங்களிடம் இருந்தது. மையில் தோய்த்து ஒரே இழுப்பு இழுத்தால் ஐந்து கோடும் விழும். என் ஆத்தா ராக்காயிக்குத் தன் பெயரை எழுதத் தெரியாது. அவள் இழுத்த கோடு ஒன்றுகூட நடுங்கி நான் பார்த்ததில்லை. கோட்டின் மேல் சுரப்புள்ளி வைப்பது என் வேலை. எட்டு வயதில் தொடங்கினேன். பன்னிரண்டு வயதில், தாளைப் பார்த்தாலே காதுக்குள் கேட்க ஆரம்பித்துவிட்டது. வீட்டில் வாத்தியம் என்று ஒன்றும் கிடையாது. கிளாரினெட் அப்பாவோடு மெட்ராஸில் இருந்தது. நான் எழுதியது எப்படிப் பேசும் என்பது ஏழெட்டு மாதம் கழித்து, படம் எங்கள் ஊர்க் கொட்டகைக்கு வரும்போதுதான் தெரியும். பெரும்பாலும் நான் நினைத்தபடிதான் பேசியது.

பார்ட் எழுதுகிறவர்கள் தப்பவே கூடாத இடம் ஒன்று உண்டு. கிளாரினெட் குழலின் அமைப்பு அப்படி. தாளில் எழுதியதைவிட ஒரு சுரம் கீழேதான் பேசும். அதனால் கிளாரினெட்டுக்கு மட்டும் ஒரு சுரம் ஏற்றி எழுத வேண்டும். மறந்தால் முப்பது பேர் ஒரு வழியில் போவார்கள், கிளாரினெட் இன்னொரு வழியில் போகும். பத்தாவது வயதில் ஒருமுறை மறந்தேன். அந்த வருஷப் பொங்கலுக்கு அப்பா வந்து முதுகில் இரண்டு வைத்தார். அதன் பிறகு மறந்ததில்லை.

நான் கல்லூரிக்குப் போன பிறகு அப்பாவின் தாள்களில் காலி இடம் கூடிக்கொண்டே வந்தது. மாஸ்டருக்கு வேலை அதிகம், அப்பாவுக்கு நேரமில்லை. பல்லவிக்கும் சரணத்துக்கும் நடுவே வரும் வாத்தியத்துக்கு இரண்டு பார் எழுதுவார். பார் என்றால் ஒரு தாளக் கட்டம். மூன்றாவது பாரிலிருந்து, 'மேற்படி, உனக்குத் தோன்றியபடி நிரப்பவும்' என்று பென்சிலில் எழுதியிருப்பார். எனக்குத் தோன்றியபடி நிரப்புவேன். அதை நான் பெரிதாக நினைக்கவில்லை. ஆத்தா குழம்பு வைத்துவிட்டு, "உப்புப் பாருடி" என்பாள். அது மாதிரித்தான் இருந்தது. கீரனூர் தாண்டி பஸ் குலுங்குகிற இடத்தில் மனசுக்குள் போட்டுப் பார்த்துக்கொண்டே திருச்சிக்குப் போவேன். பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர்கள் நான் பரீட்சைக்கு உருப்போடுவதாக நினைத்துக்கொள்வார்கள்.

நான் நான்கு முறை பார்த்த படத்தில் ஒரு தாலாட்டு இருந்தது. இரண்டாம் சரணத்துக்கு முன்னால் கிளாரினெட் தனியாக எட்டு பார். அதற்கு அப்பா பல்லவியையே திரும்ப எழுதியிருந்தார். பாடகி அதை ஏற்கெனவே மூன்று தடவை பாடிவிட்டாள். நான்காவது தடவை கேட்டால் குழந்தை எழுந்து ஓடிவிடும். நான் அந்த எட்டு பாரை மட்டும் ஏற்றி எழுதாமல் விட்டேன். தொடக்கத்தில் ஒரு சுரத்தையும் முடிவில் இரண்டையும் மாற்றினேன், முன்னும் பின்னும் பாட்டோடு போய்ச் சேருவதற்கு. அப்படி வாசித்தால் அதே மெட்டு திடீரென்று ஒரு படி இறங்கும். பிள்ளை தூங்கிவிட்டது, தாய்க்குத் தூக்கமில்லை என்பது மாதிரி இருக்கும்.

ரிக்கார்டிங் முடிந்து அப்பாவிடமிருந்து கார்டு வந்தது. 'கிளாரினெட்டை ஏற்றி எழுத மறந்துவிட்டாய். என் மானம் போயிருக்கும். எப்படியோ சமாளித்தேன். இனிக் கவனம்.' நான் உடனே பதில் எழுதினேன்: 'மறக்கவில்லை. வேண்டுமென்றே எழுதினேன். பாட்டு அந்த இடத்தில் தூங்கி வழிந்தது.' அதற்கு அவர் பதில் எழுதவில்லை. திருத்தி வாசித்திருப்பார்கள் என்று நினைத்துக்கொண்டேன். கொட்டகையில் உட்கார்ந்து கேட்டால், நான் எழுதியது எழுதியபடியே வந்தது, ஒரு சுரம் மாறாமல். முன் பெஞ்சில் பீடி குடித்துக்கொண்டிருந்தவர்கள்கூட அந்த எட்டு பாருக்குச் சும்மா இருந்தார்கள்.

எனக்கு அப்போதும் என் எட்டு பார் பெரிதாகத் தெரியவில்லை. முப்பத்தொரு படம் உழைத்தவருக்கு டோப்பாக் கம்பெனிக்கு உள்ள மரியாதை இல்லையே என்பதுதான் உறுத்தியது. அப்பாவிடம் கேட்டால் எப்போதும் ஒரே பதில்: "அதெல்லாம் குடுக்க மாட்டாங்க. கேட்டா இருக்கறதும் போயிரும்."

ஆவணியில் அடுத்த படத்துக்கு இரண்டு பாட்டு வந்தது. வெள்ளிக்கிழமை காலை ரிக்கார்டிங், புதன்கிழமைக்குள் பார்ட் வேண்டும் என்று எழுதியிருந்தார். சனிக்கிழமையே எழுதி முடித்துவிட்டேன். மூட்டை கட்டி, தைத்து, அரக்கு வைக்கும்போது கை நின்றுவிட்டது. வெள்ளிக்கிழமை காலையில் முப்பது பேர் ஸ்டுடியோவில் வந்து உட்காருவார்கள். அவர்களுக்கு முன்னால் தாள் இல்லையென்றால் திருப்பதி மாஸ்டர் கையை ஆட்டிக்கொண்டு நிற்க வேண்டியதுதான்.

மூட்டையைப் பிரித்தேன். தாள்களை டிரங்குப் பெட்டியில் ஆத்தாவின் சேலைகளுக்கு அடியில் வைத்துப் பூட்டினேன். திருப்பதி மாஸ்டருக்கு ஒரு கடிதம் எழுதினேன். தமிழில் எழுதினால் விண்ணப்பம் மாதிரி இருக்கும். இங்கிலீஷில் எழுதினால் வக்கீல் நோட்டீஸ் மாதிரி இருக்கும். பி.ஏ.வுக்கு அந்த உபயோகமாவது இருக்கட்டும் என்று இங்கிலீஷில் எழுதினேன். பார்ட்டுகள் தயார். படத்தில் உங்கள் பெயருக்குக் கீழே, 'உதவி: புதுக்கோட்டை பிச்சைமுத்து' என்று போடுவதாகக் கம்பெனி கையெழுத்துப் போட்டுக் கடிதம் கொடுத்தால் அனுப்புகிறேன். இப்படிக்கு, செவந்தி, பி.ஏ.

திங்கள் போயிற்று. செவ்வாய் போயிற்று. எனக்கு உட்காரவும் முடியவில்லை, படுக்கவும் முடியவில்லை. ஒரு நாளைக்கு நான்கு தடவை பெட்டியைத் திறந்து தாள்களை எண்ணினேன். கடைத்தெருவுக்குப் போகிற சாக்கில் தபாலாபீஸ் வழியாகப் போனேன். பஸ் ஸ்டாண்டில் கண்டக்டர் ஹாஜா முகைதீன் என்னைப் பார்த்துவிட்டு, "என்னம்மா, பார்சல் இன்னும் வேகலையா?" என்றார். எட்டு வருஷமாக எங்கள் மூட்டைகளைச் சுமந்தவர் அவர். உள்ளே வடாம் இருப்பதாக நினைத்திருந்தார். இந்தத் தடவை அடுப்பே பற்றவைக்கவில்லை என்று சொல்லிவிட்டு வந்தேன்.

புதன்கிழமை தந்தி வந்தது. தந்தி என்றாலே ஆத்தாவுக்குச் சாவுச் செய்திதான். கதவைப் பிடித்துக்கொண்டு யார் போனார்கள் என்று கேட்டாள். யாரும் போகவில்லை, அப்பா பார்ட்டை உடனே அனுப்பச் சொல்கிறார் என்றேன். அனுப்பிவிடேன் என்றாள். மாட்டேன் என்றேன்.

"அந்த மனுசன் அங்க யாரு முன்னால கையக் கட்டிக்கிட்டு நிக்கிறாரோ."

"பதிமூணு வருசமா அப்பிடித்தான் நிக்கிறாரு, ஆத்தா. அதுக்குத்தான் இது."

அவள் பித்தளைப் பேனாவை எடுத்துக் கோடு போட உட்கார்ந்துவிட்டாள். மனசு சரியில்லாதபோது அவள் செய்வது அதுதான்.

வியாழக்கிழமை காலை பத்து மணிக்கு ஒரு கறுப்புக் கார் தெருவை அடைத்துக்கொண்டு வந்து நின்றது. அப்பா இறங்கினார். ராத்திரி முழுக்க உட்கார்ந்தே வந்ததில் கண் சிவந்திருந்தது. அவருக்குப் பின்னால் படக் கம்பெனி மேனேஜர் நாகராசு இறங்கினார். பெரிய உடம்பு, சில்க் ஜிப்பா. திருவரங்குளத்துக்காரராம். சொந்த மண்ணை மிதித்த சந்தோஷத்தில், வந்த காரியத்தைச் சொல்லாமல், மோர் இருக்கிறதா என்று முதலில் கேட்டார். இரண்டு சொம்பு குடித்தார். அதன் பிறகுதான் என்னைப் பார்த்தார்.

"நீங்கதானா அந்த வக்கீலம்மா?"

பன்னிரண்டு மணிக்குள் கிளம்பினால்தான் நடுராத்திரிக்குள் மெட்ராஸ் போய், காலை ரிக்கார்டிங்குக்கு நிற்க முடியும் என்று அப்பா சுவரைப் பார்த்துச் சொன்னார்.

நாகராசு ஜிப்பாப் பையிலிருந்து என் கடிதத்தை எடுத்தார். மாஸ்டர் இதைப் படிக்கச் சொல்லிக் கேட்டாராம். பாதியிலேயே நிறுத்தச் சொன்னாராம். கோபப்படுவார் என்று நாகராசு பயந்தாராம்.

"ஆனா மாஸ்டர் என்ன சொன்னாரு தெரியுமா? 'பேரு வேணும்னா பிச்சமுத்து வாயத் தெறந்து கேக்கறதுக்கென்ன? இதுக்கு மகள விட்டு நோட்டீசு விடணுமா'ன்னாரு. அம்புட்டுத்தான். போட்டுக்கங்கன்னுட்டாரு."

நான் அப்பாவைப் பார்த்தேன்.

"நீங்க கேட்டதே இல்லையா?"

"கேட்டா என்ன நெனப்பாங்களோன்னு..." என்று இழுத்தார்.

நாகராசு நல்ல மனுஷர். அப்பாவின் முகத்தைப் பார்த்துவிட்டுப் பேச்சைத் திருப்ப நினைத்தார். அங்கேதான் எல்லாம் கெட்டது. அப்பாவைப் போல மூளைக்காரர் மெட்ராஸிலேயே கிடையாது என்று ஆரம்பித்தார். போன படத்துத் தாலாட்டில் வருகிற கிளாரினெட் ஒன்று போதும் என்றார். அந்த எட்டு பாருக்காகவே வேறு கம்பெனிக்காரர்கள் அப்பாவைத் தேடி வருகிறார்களாம். மாஸ்டர் பயந்துபோய் அப்பாவைத் தன் காரிலேயே வைத்துக்கொண்டு திரிகிறாராம்.

"நான் கேட்டேன், அண்ணே, இது எங்கிட்டிருந்து வந்துச்சுன்னு. சொன்னாரு பாருங்க, எனக்குக் கண்ணு கலங்கிருச்சு. அவங்க ஆத்தா எறந்த அன்னிக்கி வீட்டுல வச்ச ஒப்பாரி அப்பிடியே காதுல நின்னுருச்சாம். அதத்தான் போட்டேன்னாரு."

கூடத்து மூலையில் கோடு போட்டுக்கொண்டிருந்த ஆத்தா தலையைத் தூக்காமலே சொன்னாள்.

"அவுங்க ஆத்தா எறந்தப்ப இவரு மெட்ராஸ்லல்ல இருந்தாரு. பாட்டு எடுக்கறாங்க, வர முடியாதுன்னு தந்தி குடுத்தாரு."

நாகராசு சொம்பைக் கீழே வைத்தார். அப்பா சுவரிலிருந்து பார்வையை எடுத்துத் தன் கால் கட்டைவிரலில் வைத்தார். தெருவில் கார் டிரைவர் ஹாரனை அமுக்கிப் பார்த்துக்கொண்டிருந்தான்.

நான் நாகராசுவிடம் சொன்னேன். "அந்த எட்டு பாரை நான் போட்டேங்க. அப்பா தாள்ல இருந்தது வேற. அது பல்லவி. அந்தத் தாள் இங்கதான் இருக்கு, காட்டறேன்."

"அது ஏத்தி எழுத மறந்தது, சார்" என்றார் அப்பா. இப்போதுதான் குரல் வெளியே வந்தது. "பிள்ளை மறந்துருச்சு. டேக்குல அது அப்பிடி வரவும் வாசிக்கறவன் நிறுத்தப் பாத்தான். நாந்தான் நிறுத்தாதேன்னு கையக் காட்டினேன். வேணாம்னு வெட்டியிருந்தா போயிருக்கும். விட்டது நானு. வேற யாரு காதுக்கும் அது தெரிஞ்சிருக்காது."

அது பொய்யில்லை. அதுதான் எனக்கு எரிச்சலாக இருந்தது. அவர் கை காட்டாமல் இருந்திருந்தால் அந்த எட்டு பார் ஸ்டுடியோவிலேயே செத்திருக்கும்.

"மறக்கலைன்னு ஒங்களுக்கு லெட்டர் போட்டேனே."

"போட்டே."

"படிச்சீங்களா?"

"படிச்சேன்."

அவ்வளவுதான். அவர் மறுபடி கால் கட்டைவிரலுக்குப் போய்விட்டார். மாஸ்டர் இப்படித்தான் உட்கார்ந்திருப்பாராக்கும் என்று எனக்குத் தோன்றியது. யாராவது வந்து, அந்த வயலின் பிரமாதம் என்று சொல்லும்போது, இப்படித்தான் கால் கட்டைவிரலைப் பார்த்துக்கொண்டு சும்மா இருப்பாராக்கும். சும்மா இருப்பதுதான் எவ்வளவு சுலபம்.

நாகராசு கடிகாரத்தைப் பார்த்தார். குடும்ப வழக்கில் தலையிடத் தனக்கு அதிகாரமில்லை, கையெழுத்துப் போடத்தான் அதிகாரம் என்றார். மாஸ்டர் ஒரு வரிக்குத்தான் ஒத்துக்கொண்டிருக்கிறார், ஒரு பெயர்தான் போட முடியும். கம்பெனித் தாளை எடுத்துத் தொடையில் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார்.

"சொல்லுங்கம்மா. யாரு பேரு?"

ஆத்தாவின் பேனா நின்றுவிட்டது. அப்பா என்னை முதல் தடவையாக நேரே பார்த்தார். அந்தப் பார்வையில் கெஞ்சல் இருந்தது என்று எழுதினால் அது எனக்கு வசதியாக இருக்கும். கெஞ்சல் இல்லை. நான் என்ன சொல்வேன் என்று தெரிந்தவர் மாதிரி பார்த்தார்.

"நான் லெட்டர்ல எழுதின பேருதான்" என்றேன். நான் கேட்டது அதைத்தான். முப்பத்தொரு படம் இன்னும் முப்பத்தொரு படமாகத்தான் இருந்தது. என் எட்டு பாரைக் காட்டி அதை அழிக்க எனக்கு மனமில்லை.

நாகராசு எழுத ஆரம்பித்தார். உதவி, புதுக்கோட்டை பிச்சைமுத்து என்று சொல்லிக்கொண்டே எழுதினார். அப்பா மெல்ல நகர்ந்து அவர் தோளுக்குப் பின்னால் போய் நின்று தாளை எட்டிப் பார்த்தார்.

"சார், 'சமஸ்தான வித்வான்'னு முன்னால ஒரு வார்த்தை சேத்துக்க முடியுமா?"

பதின்மூன்று வருஷமாகத் திறக்காத வாய். நாகராசு சிரிக்கவில்லை, சேர்த்துக்கொண்டார். எழுத்து, காமிரா உதவியாளர்களின் எழுத்தைவிடச் சின்னதாக இருக்காதல்லவா என்று அப்பா கேட்டார். இருக்காது என்றார் நாகராசு. நான் அதுவரை கோபப்பட்டதெல்லாம் கோபமே இல்லை.

டிரங்குப் பெட்டியைத் திறந்து பார்ட்டுகளை எடுத்து வந்தேன். முதல் பாட்டு முழுசாக இருந்தது, கொடுத்தேன். இரண்டாவது பாட்டில் கிளாரினெட் தாளை மட்டும் உருவிக்கொண்டேன். அதிலும் அப்பா இரண்டு பார் எழுதிவிட்டு, 'உனக்குத் தோன்றியபடி' என்று விட்டிருந்தார். எனக்குத் தோன்றியது அந்தத் தாளில் இருந்தது. அதைப் பெட்டிக்குள் திரும்ப வைத்தேன். ஆத்தா கோடு போட்ட புதுத் தாள் ஒன்றையும் அப்பாவின் மூலத் தாளையும் கொண்டுபோய் அவர் முன்னால் வைத்தேன்.

"இதுல ஆறு பார் காலியாக் கெடக்கு. வித்வான் போடட்டும்."

நாகராசு எழுந்து காருக்குப் போய்விட்டார். நாகரிகம் தெரிந்தவர்.

அப்பா எழுதமாட்டார், திணறுவார், என் பக்கம் திரும்பி ஏதாவது சொல்வார் என்று நான் நினைத்திருந்தேன். அப்படி ஒன்றும் நடக்கவில்லை. சம்மணம் போட்டு உட்கார்ந்தார். விரலால் தொடையில் தாளம் போட்டார். பத்து நிமிஷத்தில் ஆறு பாரையும் எழுதி முடித்துவிட்டார். ராத்திரி முழுக்கத் தூங்காத மனுஷர், ஓர் அடித்தல் திருத்தல் இல்லை. வாங்கிப் படித்தேன். காதில் கேட்டது. எங்கே ஏற வேண்டுமோ அங்கே ஏறி, எங்கே இறங்க வேண்டுமோ அங்கே இறங்கியது. அரண்மனை வாசலில் பேண்டு சிப்பாய்கள் கால் மாற்றாமல் நடந்து போகிற மாதிரி. குறை சொல்ல ஒன்றுமில்லை. முப்பது பேரும் வாசித்துவிட்டு மத்தியானச் சாப்பாட்டுக்கு எழுந்து போகலாம்.

நான் உட்கார்ந்து அதைப் புதுத் தாளில் எழுதினேன். கிளாரினெட்டுக்கு ஒரு சுரம் ஏற்றி, பார் பாராகச் சரிபார்த்து, மை காய ஊதிக் கொடுத்தேன். அப்பா அதை வாங்கி என் முன்னாலேயே ஒரு முறை சரிபார்த்தார். பிறகு மடித்து மற்ற பார்ட்டுகளோடு வைத்துக் கட்டினார். கம்பெனிக் கடிதத்தைத் தனியாகச் சட்டைப் பையில் வைத்தார். ஆத்தாவிடம் வாரேன் என்றார். என்னிடம், "ஏத்தித்தானே எழுதியிருக்கே?" என்றார்.

"ஏத்தித்தான் எழுதியிருக்கேன்."

கார் போன பிறகு தெருவில் வெகுநேரம் புழுதி நின்றது. பக்கத்து வீட்டுப் பிச்சையம்மாள் வந்து, மாப்பிள்ளை வீட்டுக்காரர்களா என்று கேட்டாள். ஆத்தா ஆமாம் என்று சொல்லி அனுப்பிவிட்டாள். விளக்கம் சொல்வதைவிட அது சுருக்கம்.

"அவரு பேரு வந்துருச்சு. ஒனக்கு இனி இங்க என்னடி வேலை?" என்றாள் என்னிடம். திட்டுகிறாளா, போ என்கிறாளா என்று எனக்குப் பிடிபடவில்லை. கேட்டேன். அவள் மைக்கூட்டை மூடினாள்.

பத்து நாள் கழித்துத் தபால்காரர் கருப்பன் பார்சல் கொண்டுவந்தார். அடுத்த படம். மேலே விலாசம் எப்போதும் போல அப்பா கையெழுத்தில் இருந்தது, பெயரும் அப்பாவுடையதுதான்: வித்வான் பிச்சைமுத்து, வடக்கு மூன்றாம் வீதி, புதுக்கோட்டை. மெட்ராஸில் இருக்கிற பிச்சைமுத்து புதுக்கோட்டையில் இருக்கிற பிச்சைமுத்துவுக்கு அனுப்பியது. இத்தனை வருஷம் நான் கையெழுத்துப் போட்டு வாங்கியிருக்கிறேன். ஒருமுறைகூட விலாசத்தைப் படித்ததில்லை.

கருப்பனிடம் பென்சில் வாங்கி, 'பெறுபவர் மெட்ராஸில் வசிக்கிறார். அனுப்பியவருக்கே திருப்பவும்' என்று எழுதிக் கொடுத்தேன்.

அவர் பார்சலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "வீடு இதுதானேம்மா. எப்பவும் நீங்கதானே வாங்குவீங்க?"

"பேரு யாருதுன்னு பாருங்க" என்றேன்.

உள்ளே வந்தேன். ஆத்தா இருபது தாளுக்குக் கோடு போட்டு அடுக்கி வைத்திருந்தாள், பார்சல் வருகிற நாள் அவளுக்குத் தெரியும். "இதையெல்லாம் என்ன செய்ய?" என்றாள். நான் மேலேயிருந்து ஒன்றை எடுத்துக்கொண்டு ஜன்னலோரம் உட்கார்ந்தேன். யாரும் மெட்டை முணுமுணுத்துக் காட்டவில்லை. முதல் இரண்டு பாரை யாரும் எழுதி வைக்கவில்லை. எங்கே தொடங்குவது என்றே தெரியவில்லை. நாலு சுரம் எழுதினேன், அடித்தேன். எழுதினேன், அடித்தேன். மத்தியானத்துக்குள் ஆறு தாள் வீணாயிற்று.

ஏழாவது தாளை எடுத்தேன்.